சில்செஸ்டரை முன்வைத்து: ரோமானிய மாகாண நகரம் எப்படி வளர்ந்தது, அது நமக்கு எப்படித் தெரியும்?

கேள்வி இதுதான்: ரோமானியப் பேரரசின் மாகாண நகரங்கள் எல்லாம் ஒரே வரிசையில்தான் வளர்ந்தனவா? முதலில் படைக்கோட்டை, அப்புறம் கட்டம் கட்டமாகத் தெருக்கள், நடுவில் ஃபோரம் என்ற பொதுமன்றம், பிற்பாடு மதில், கடைசியில் வீழ்ச்சி என்று பாடநூல்களில் வருகிறதே, அது சரியா? எழுத்து ஆவணம் மிகக் குறைவாக உள்ள பிரிட்டன் போன்ற மாகாணத்தில் இதையெல்லாம் எதை வைத்துச் சொல்கிறார்கள்?

முதல் கேள்விக்கு விடை, இல்லை. அந்த வரிசை பெரும்பாலும் கல்சுவர்களை மட்டும் பார்த்து எழுதப்பட்டது. பிரிட்டனின் ரோமானிய நகரங்களில் முதல் நூறு ஆண்டு வாழ்க்கை பெரும்பாலும் மரத்திலும் களிமண்ணிலும்தான் நடந்தது. அந்த மரம் மண்ணில் எப்படித் தெரியும், எந்த அடுக்குக்கு எப்படி வயது சொல்வது, எங்கெங்கே ஏமாந்துபோவோம் என்பதெல்லாம் புரிந்தால் இரண்டாவது கேள்விக்கும் விடை கிடைத்துவிடும். பொதுவாகப் பேசாமல் ஓர் ஊரை மையமாக வைத்துச் சொல்கிறேன். தென் இங்கிலாந்தில் ஹாம்ப்ஷயர் பகுதியில் உள்ள சில்செஸ்டர். ரோமானியர் காலப் பெயர் கல்லேவா அட்ரபாட்டும். அட்ரபாட்டீஸ் என்ற குடியினரின் தலைநகரம்.

இந்த ஊரைத் தேர்ந்தெடுக்கக் காரணம் உண்டு. லண்டன், கோல்செஸ்டர் போன்ற ஊர்களின்மேல் இன்றும் நகரம் நிற்கிறது. ஏதாவது ஒரு கட்டடத்தை இடித்துப் புதிதாகக் கட்டும்போது கிடைக்கும் சிறிய இடத்தில்தான் அங்கே தோண்ட முடியும். சில்செஸ்டர் கைவிடப்பட்டபின் அதன்மேல் வேறு நகரம் எழவில்லை. சுமார் 2.4 கிலோமீட்டர் சுற்றளவுள்ள மதில் இன்னும் நிற்கிறது, சில இடங்களில் 4 மீட்டருக்கு மேல் உயரமாக. உள்ளே 40 ஹெக்டேருக்குச் சற்று அதிகமான வயல்வெளி, கிழக்கு ஓரத்தில் ஓர் இடைக்காலத் தேவாலயம், ஒரு பண்ணை வீடு, அவ்வளவுதான். அதைவிட முக்கியமானது, ஒரே ஊரை வெவ்வேறு தலைமுறையினர் வெவ்வேறு முறையில் தோண்டியிருக்கிறார்கள். முறை மாறியபோது நகரத்தின் கதையும் மாறியது.

1864 முதல் 1878 வரை பாதிரியார் ஜேம்ஸ் ஜெரால்ட் ஜாய்ஸ் தோண்டினார். 1866இல் ஃபோரத்தோடு ஒட்டிய பெரிய மண்டபமான பசிலிக்காவில், எரிந்த பொருள்களுக்கு நடுவே, அவருக்கு ஒரு வெண்கலக் கழுகு கிடைத்தது. ஏதோ ஒரு லெஜியனின், அதாவது ரோமானியப் பெரும்படைப் பிரிவின், கொடிக்கழுகு, ஆபத்துக் காலத்தில் கூரையில் ஒளித்து வைத்தார்கள் என்று அவர் நினைத்தார். அது ஒரு பெரிய சிலையின் பகுதி என்பதுதான் இன்றைய கருத்து. இப்போது ரெடிங் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

அடுத்து, 1890 முதல் 1909 வரை லண்டன் தொல்பொருள் சங்கத்தினர் மதிலுக்குள் இருந்த நகரம் முழுவதையும் தோண்டி வரைபடம் போடும் வேலையில் இறங்கினார்கள். தெருக்கள் சூழ்ந்த ஒவ்வொரு மனைத்தொகுதிக்கும் இன்சுலா என்று பெயர். ஒவ்வொரு இன்சுலாவிலும் சாய்வாக இணை இணையான ஒடுங்கிய பள்ளங்கள் வெட்டுவார்கள். எங்காவது கல்சுவர் தட்டுப்பட்டால் அதன் இரு பக்கமும் ஒட்டியே தோண்டிக்கொண்டு போவார்கள். இருபது பருவம் உழைத்துப் போட்ட அந்தப் பெரிய வரைபடம் இன்றைக்கும் பார்க்க அழகானது. தெருக்கள், நடுவில் ஃபோரம், குளியல் மாளிகை, கோயில்கள், இடையிடையே தாராளமாக இடம் விட்டுத் தனித்தனி வீடுகள். அதைப் பார்த்தவர்கள் இது ஒரு தோட்ட நகரம், மக்கள்தொகை மிகக் குறைவு என்று எழுதினார்கள்.

அந்த முடிவு தவறு. எப்படித் தவறாயிற்று என்பதில்தான் இந்தத் துறையின் அடிப்படைப் பாடமே இருக்கிறது.

முதல் குறை, அந்த வரைபடத்தில் காலம் இல்லை. 150 ஆண்டு இடைவெளியில் கட்டப்பட்ட இரண்டு வீடுகள் பக்கத்துப் பக்கத்தில் ஒரே கறுப்பு மையில் நிற்கும். ஒன்று இடிந்த பிறகுதான் மற்றது கட்டப்பட்டிருக்கலாம். அது வரைபடத்தில் தெரியாது. இரண்டாவது குறை இன்னும் ஆழமானது. சுவரை ஒட்டியே தோண்டினால் எது போய்விடுகிறது என்று பாருங்கள். ஒரு சுவர் கட்ட அஸ்திவாரப் பள்ளம் வெட்டுகிறார்கள். அந்தப் பள்ளம் எந்த மண் அடுக்குகளை அறுத்துக்கொண்டு போகிறதோ அவை எல்லாம் சுவருக்கு முந்தியவை. சுவர் எழுந்தபின் போடப்பட்ட தரை, சுவரின் முகத்தில் வந்து முட்டி நிற்கும். அது சுவருக்குப் பிந்தியது. ஆக, சுவரின் இரு பக்கமும் ஓர் அரை மீட்டர் மண்ணில்தான் அந்தச் சுவரின் வயது எழுதியிருக்கிறது. சுவரை ஒட்டித் தோண்டியவர்கள் சரியாக அந்த அரை மீட்டரைத்தான் அள்ளிக் கொட்டினார்கள். சுவர் கிடைத்தது, வயது போயிற்று.

மூன்றாவது குறை, மரக் கட்டடம் அவர்கள் கண்ணில் படவே இல்லை. அன்றைய கூலியாட்களுக்குக் கல் தெரியும், செங்கல் தெரியும், ஓட்டுத் துண்டும் காசும் தெரியும். மக்கிப்போன மரத்தின் நிறமாற்றத்தை யாரும் அவர்களுக்குக் காட்டிக் கொடுக்கவில்லை. தோட்டம் என்று எண்ணிய காலி இடங்களில் பலவும் மர வீடுகள் நின்ற இடங்கள்.

மரவீடு மண்ணில் எப்படித் தெரியும்? மூன்று வகை உண்டு. தூண் நட்ட குழி என்றால் வட்டமான கருத்த தடம், சுற்றிலும் கெட்டித்த மண்ணும் இறுக்கக் கல்லும். பள்ளம் வெட்டி அதில் நீள மரத்தைக் கிடத்தி அதன்மேல் சட்டம் எழுப்பிய வீடு என்றால், நேர்கோட்டில் ஒரு சாண் முதல் ஒரு முழம் வரை அகலமான பள்ளம். இவை இரண்டும் ஓரளவு பயிற்சி இருந்தால் கண்டுபிடித்துவிடலாம். மூன்றாவதுதான் கடினம். பள்ளமே வெட்டாமல் தரைமேல் நேராக மரத்தைக் கிடத்திக் கட்டிய வீடு. மரம் மக்கியபின் எதுவுமே மிஞ்சாது. ஓரிடத்தில் மஞ்சள் களிமண் தரை திடீரென்று நேர்கோட்டில் முடியும், பக்கத்தில் சரளை தொடங்கும். அந்தக் கோடுதான் சுவர். வரிச்சு கட்டி மண் அப்பிய சுவர்கள் இடிந்து விழுந்து மழையில் கரைந்தால், இரண்டு தரைகளுக்கு நடுவே பழுப்பு மண்ணாகப் படிந்துவிடும். எரிந்த வீடாக இருந்தால் நமக்கு அதிர்ஷ்டம். களிமண் சுட்டுச் சிவந்து, வரிச்சுக் கம்பின் பதிவோடு செங்கல்போலக் கெட்டியாகக் கிடக்கும்.

இதில் நடக்கும் தவறுகள் பெரும்பாலும் ஈரம் சம்பந்தப்பட்டவை. வெயிலில் காய்ந்த மண்ணில் எல்லா நிறமும் ஒரே சாம்பல் நிறமாகிவிடும். சேறாக இருந்தால் கரணையால் செதுக்கும்போது ஒன்றோடொன்று பூசிக்கொள்ளும். அதனால் மெல்ல நீர் தெளித்து, சிறு கரணையால் பின்னோக்கி நகர்ந்தபடி செதுக்கி, சுரண்டிய பரப்பை மிதிக்காமல் உடனே படமெடுத்து வரைய வேண்டும். ஒரு களிமண் தரை 2 சென்டிமீட்டர்தான் இருக்கும். அவசரப்பட்டு மண்வெட்டி போட்டால் ஒரே வெட்டில் நாலைந்து தரை போய்விடும். அதாவது ஒரு குடும்பத்தின் முப்பது நாற்பது ஆண்டு.

சில்செஸ்டரில் இந்தக் கவனத்தோடு தோண்டியது ரெடிங் பல்கலைக்கழகம், மைக்கேல் ஃபுல்ஃபர்ட் தலைமையில். 1980களில் பசிலிக்கா இருந்த இடத்தின் அடியில் இறங்கினார்கள். பிறகு 1997 முதல் 2014 வரை 9ஆம் இன்சுலாவில் 55 மீட்டருக்கு 55 மீட்டர் பரப்பைத் திறந்து, அடுக்கடுக்காகக் கன்னிமண் வரை, அதாவது மனிதர் கைபடாத இயற்கை மண் வரை, போனார்கள். அந்த இன்சுலாவை முன்னவர்கள் 1893இல் ஏற்கனவே தோண்டியிருந்தார்கள். ஆனால் அவர்கள் கல்சுவரோடு நிறுத்திக்கொண்டதால், பழைய பள்ளங்களுக்கு நடுவிலும் அடியிலும் நூற்றாண்டுகளின் அடுக்குகள் அப்படியே இருந்தன. அவர்களுடைய பொறுமையின்மை நமக்கு நல்லதாகிவிட்டது என்றே சொல்ல வேண்டும்.

அடியில் கிடைத்தது என்ன? முதலில், ஊர் ரோமானியருக்கு முந்தியது. கி.பி. 43இல் பேரரசர் கிளாடியஸ் படையெடுப்பதற்கு இரண்டு தலைமுறைக்கு முன்பே, கி.மு. முதல் நூற்றாண்டின் இறுதியில், இங்கே மண்மதிலுக்குள் ஊர் இருந்தது. சரளை பாவிய தெருக்கள், வேலியிட்ட மனைகள், சுமார் 50 மீட்டர் நீளமுள்ள ஒரு பெரிய மர மண்டபம். எப்பில்லஸ் என்ற உள்ளூர் அரசன் தன் காசில் கல்லேவா பெயரைப் பொறித்தான், ரோமானிய எழுத்தில், அரசன் என்று பொருள்படும் லத்தீன் சொல்லோடு. படையெடுப்புக்கு முந்திய கிணற்றின் சேற்றிலிருந்து ஒலிவக் கொட்டையும், கொத்துமல்லி, செலரி விதைகளும் வந்தன. மத்தியதரைக் கடல் உணவு, படைக்கு முன்பே வணிகத்தின் வழியாக உள்ளே வந்துவிட்டது. நகர வாழ்வை ரோமானியப் படை கொண்டுவந்து இறக்கியது என்ற வாதம் இந்த ஊருக்குப் பொருந்தாது.

இரண்டாவது, கட்டம் கட்டமான தெருக்கள் முதல் நாளிலேயே வந்துவிடவில்லை. அவை போடப்பட்டது முதல் நூற்றாண்டின் பிற்பகுதியில், படையெடுத்து ஒரு தலைமுறை ஆனபின். அதற்குள் பேரரசர் நீரோவின் பெயர் முத்திரையிட்ட கட்டட ஓடுகள் இங்கே வந்துவிட்டன. அப்படியென்றால் கி.பி. 68க்கு முன்பே யாரோ அரசு சார்பாகப் பெரிய கட்டடம் கட்டியிருக்கிறார்கள். நகரத்துக்கு வெளியே மண்ணும் மரமும் கொண்டு அரங்கம் எழுந்ததும் 55க்கும் 75க்கும் இடையில். தெரு வலைக்கு முன்பே ஓட்டுக் கட்டடமும் அரங்கமும்! பாடநூல் வரிசை இங்கேயே உடைகிறது.

மூன்றாவதுதான் எனக்கு மிகவும் பிடித்த சான்று. புதிய தெருக்கள் வடக்கு தெற்காகவும் கிழக்கு மேற்காகவும் ஓடின. ஆனால் 9ஆம் இன்சுலாவுக்குள் இருந்த வீடுகள் அந்தத் தெருக்களுக்குக் கிட்டத்தட்ட 45 பாகைக் கோணத்தில் சாய்வாகவே நின்றன. அது ரோமானியருக்கு முந்திய ஊரின் திசை. வீடுகளை இடித்து இடித்துக் கட்டினார்கள், மரம் போய்க் கல் அடித்தளம் வந்தது. ஆனாலும் பழைய மனை எல்லை நகரவில்லை. தெருவுக்கு நேராக அந்த மனைகள் திரும்பியது மூன்றாம் நூற்றாண்டின் பிற்பகுதியில்தான். சுமார் 200 ஆண்டு, அரசு போட்ட தெரு ஒரு திசை, குடும்பங்களின் நிலம் இன்னொரு திசை. வரைபடத்தில் கோணலாகத் தெரிந்த அந்த ஒரு வீட்டை முன்னவர்களும் வரைந்திருந்தார்கள். காரணம் கன்னிமண் வரை போனபின்தான் தெரிந்தது.

ஃபோரத்தின் கதையும் அப்படியே. கல்லால் கட்டிய பசிலிக்கா இரண்டாம் நூற்றாண்டின் இரண்டாம் கால்பகுதியைச் சேர்ந்தது. அதற்கடியில் அதே இடத்தில் சுமார் 85ஆம் ஆண்டில் எழுந்த மர பசிலிக்கா ஒன்று இருந்தது, அதற்கும் அடியில் அதைவிடப் பழைய மரக் கட்டடம், அதற்கும் அடியில் பழைய ஊரின் தெரு. கல்லோடு நின்றிருந்தால் இந்த நகரத்துக்குப் பொதுமன்றம் கிடைத்ததே 125க்குப் பிறகுதான் என்று எழுதியிருப்போம். பிற்காலமும் எதிர்பாராத மாதிரி இருக்கிறது. மூன்றாம் நூற்றாண்டில் அதே மண்டபத்துக்குள் உலோக வேலை நடந்திருக்கிறது. உலைகளும் கசடும் இரும்புச் சிதறலும் தரையில் கிடந்தன. நீதி வழங்கிய இடம் பட்டறை ஆனதை வீழ்ச்சி என்று சிலர் எழுதுவார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. பொதுக் கட்டடத்தின் பயன் மாறியது என்பது வரைதான் மண் சொல்கிறது. அதே காலத்தில் தனியார் வீடுகள் எப்படி இருந்தன என்று பார்க்காமல் ஊரின் நலத்தைப் பற்றித் தீர்ப்புச் சொல்ல முடியாது.

மற்ற ஊர்கள் வேறு வேறு வழியில் வந்தவை. கோல்செஸ்டர் உண்மையிலேயே கோட்டையிலிருந்து பிறந்தது. கி.பி. 40களில் லெஜியன் கோட்டை, 49இல் ஓய்வுபெற்ற படைவீரர்களின் குடியேற்றம். பழைய படைவீரர் விடுதிகளில் பலவற்றை அப்படியே வீடுகளாக்கிக்கொண்டு, மண்மதிலைச் சரித்துவிட்டார்கள். அதனால்தான் 60 அல்லது 61இல் பிரிட்டன் குடியொன்றின் அரசி பூடிக்கா தலைமையில் கலகம் வெடித்தபோது நகரம் காப்பின்றி எரிந்தது. மேற்கு இங்கிலாந்தில் உள்ள ராக்ஸெட்டரும் 50களின் பிற்பாதியில் கோட்டையாகத் தொடங்கியது, சுமார் 90இல் படை போனபின் நகரமானது, ஃபோரம் வந்தது பேரரசர் ஹேட்ரியன் காலத்தில். இன்றைய அல்ஜீரியாவில் உள்ள திம்காத் 100ஆம் ஆண்டில் பேரரசர் டிராஜன் ஆணையில் வெற்று நிலத்தில் கோடு போட்டுக் கட்டப்பட்டது. பாடநூல் படங்களில் திம்காத்தின் சதுரம்தான் எப்போதும் வரும், எல்லா நகரமும் அப்படித்தான் என்ற எண்ணம் அங்கிருந்துதான் ஒட்டிக்கொள்கிறது. அந்தச் சதுரத்துக்கு வெளியே தன்போக்கில் வளர்ந்த புறநகர் அசலைவிடப் பெரியது என்பதைப் படத்தில் வெட்டிவிடுவார்கள்.

மரக் கட்டடத்தைத் தவறவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு வெருலேமியம் என்ற ஊரைக் காட்டலாம். இன்றைய செயின்ட் ஆல்பன்ஸ் நகரத்துக்குப் பக்கத்தில் இருக்கிறது. 1930களின் தொடக்கத்தில் மார்டிமர் வீலரும் டெஸ்ஸா வீலரும் அங்கே தோண்டினார்கள். கல் வீடுகளின் கடைசி நிலையையே பெரும்பாலும் திறந்து பார்த்து, மூன்றாம் நூற்றாண்டில் நகரம் பாழடைந்து கிடந்தது என்று முடிவுக்கு வந்தார்கள். 1955 முதல் 1961 வரை ஷெப்பர்ட் ஃபிரியர் 14ஆம் இன்சுலாவில் ஆழமாகப் போனபோது, தெருவோரத்தில் வரிசையாக மரக் கடைகள் கிடைத்தன. சுமார் 49இல் கட்டியவை, பூடிக்கா கலகத்தில் எரிந்தவை. பதினைந்து ஆண்டு இடம் காலியாகக் கிடந்து, சுமார் 75இல் மறுபடி கட்டி, அடுத்த 75 ஆண்டில் மூன்று முறை புதுப்பித்து, 155ஐ ஒட்டிய பெருந்தீயில் மறுபடி எரிந்தவை. வெண்கல வேலைக்காரர்களின் கடைகள் அவற்றில் இருந்தன. கல்லை மட்டும் தேடினால் இந்த நூறு ஆண்டு வணிகமும் இல்லாமலே போயிருக்கும்.

வீலருக்கும் நமக்கும் ஒரு தொடர்பு உண்டு. அவர்தான் 1945இல் புதுச்சேரிக்கு அருகே அரிக்கமேட்டில் தோண்டியவர். இத்தாலியின் அரிட்டைன் மண்பாண்டத் துண்டுகளை வைத்து அங்கே உள்ள அடுக்குகளுக்கு வயது சொன்னார், அதிலிருந்து தென்னிந்தியாவின் மற்றக் களங்களுக்கும் காலக்கணக்கு நீண்டது. ஐரோப்பாவில் மாகாண நகரங்களின் வயதைக் கணிக்கும் அதே ஏணியைத்தான் அவர் இங்கே கொண்டுவந்து சாய்த்தார். அரிக்கமேடு அவர் சொன்னதைவிடப் பழையது என்று பிந்திய அகழாய்வுகள் காட்டின. ஏணி சரிதான், அரிட்டைன் வந்த நாளையே ஊர் தொடங்கிய நாளாக எண்ணியதுதான் சிக்கல்.

அந்த ஏணியைக் கொஞ்சம் விளக்க வேண்டும். முதல் படி, கால் (Gaul, இன்றைய பிரான்ஸ்) நாட்டின் தெற்கே லா கிரோஃபசங்க் என்ற இடத்தில் செய்த சிவப்பு மெருகுப் பாண்டம். சேமியன் என்பார்கள். அச்சில் வார்த்த அலங்காரம், குயவனின் பெயர் முத்திரை, சில பத்தாண்டுக்கு ஒருமுறை மாறும் வடிவம் என எல்லாம் காலம் சொல்லும். நடுவில் மடிப்புள்ள கிண்ணம், வகை எண் 29, சுமார் 85 வரை. அரைக்கோளக் கிண்ணம், வகை எண் 37, சுமார் 70க்குப் பிறகு. இதை எதை நம்பிச் சொல்கிறோம்? இத்தாலியின் பொம்பேயி (Pompeii) நகரத்தில் பிரிக்கப்படாமலே கிடைத்த ஒரு பெட்டியில் 90 சேமியன் கிண்ணங்கள் இருந்தன, இரண்டு வகையும் கலந்து. அந்த நகரத்தைப் புதைத்த எரிமலை வெடித்தது 79இல். அந்த ஆண்டில் இரண்டும் சந்தையில் இருந்தன என்பதற்கு அதைவிட உறுதியான சான்று வேண்டாம். இரண்டாம் நூற்றாண்டில் உற்பத்தி கால் நாட்டின் நடுப்பகுதியில் உள்ள லெசூ பக்கம் போய்விடுகிறது. உள்ளூர் பாண்டங்களுக்கும் இப்படிப் படிகள் உண்டு. டார்செட்டின் கறுப்பு மெருகுப் பாண்டம் 120க்குப் பின் எங்கும் பரவுகிறது, ஆக்ஸ்ஃபர்டின் வண்ணப் பூச்சுப் பாண்டம் 240க்குப் பின்.

காசும் பாண்டமும் சொல்வது ஒரு கீழ் எல்லையை மட்டும்தான். ஒரு தரைக்குள் 75இல் அடித்த காசு இருந்தால், தரை 75இலோ அதற்குப் பிறகோ போடப்பட்டது. எவ்வளவு பிறகு என்று அந்தக் காசு சொல்லாது. தேய்ந்த செப்புக் காசு நூறு ஆண்டுவரை கைமாறியிருக்கலாம். இதைவிடப் பெரிய தொல்லை பழைய துண்டுகள் மேலேறி வருவது. நான்காம் நூற்றாண்டில் ஒருவர் குப்பைக்குழி தோண்டினால் இரண்டாம் நூற்றாண்டு மண் மேலே வரும், அதே மண் குழிக்குள் திரும்பவும் விழும். நகரங்களில் ஒரு பிந்திய குழியில் கிடைக்கும் பானை ஓடுகளில் பெரும்பங்கு இப்படிப் பழையதாக இருப்பது சர்வசாதாரணம். அதனால் ஓட்டுத் துண்டின் அளவையும் விளிம்புத் தேய்மானத்தையும் பார்க்க வேண்டும். பெரிய துண்டு, கூரான உடைவு, ஒன்றோடொன்று பொருந்துகிறது என்றால் உடைந்த இடத்திலேயே விழுந்தது. சிறியது, மழுங்கியது என்றால் அலைந்து வந்தது. எண்ணிக்கையும் ஏமாற்றும். ஒலிவ எண்ணெய் வந்த ஸ்பானிய ஆம்போரா என்ற பெரிய மண்ஜாடி காலியாகவே 30 கிலோ எடை. ஒன்று உடைந்தால் நூற்றுக்கணக்கான துண்டு. ஆகவே எடையோடு, விளிம்பின் எத்தனை சதவீதம் கிடைத்தது என்றும் அளக்கிறார்கள்.

ஆண்டு துல்லியமாக வேண்டுமென்றால் மரவளையம், அதாவது மரத்தின் ஆண்டு வளையங்களை வைத்து அது வெட்டப்பட்ட காலத்தைக் கணிப்பது. லண்டனில் 1 போல்ட்ரி என்ற முகவரியில், முக்கியச் சாலையின் அடியில் கிடைத்த மர வடிகாலின் கட்டைகள் 47ஆம் ஆண்டை ஒட்டி வெட்டப்பட்டவை. லண்டன் தொடங்கிய காலம் பற்றிய விவாதத்தை அந்த வடிகால்தான் பெருமளவு தீர்த்தது. ஆனால் ஓக் கட்டையின் வெளிறுப் பகுதி மிஞ்சியிருக்க வேண்டும், பட்டை வரை இருந்தால் வெட்டிய பருவமே தெரியும். தச்சர் செதுக்கி வெறும் வைரம் மட்டும் மிஞ்சினால், அதுவும் ஒரு கீழ் எல்லைதான். பழைய கட்டையை எடுத்து மறுபடி பயன்படுத்துவதும் உண்டு. பொருந்தாத துளையோ ஆணித் தடமோ கட்டையில் இருக்கிறதா என்று பார்க்காமல் தேதியை ஏற்கக் கூடாது.

எரிந்த அடுக்கு ஒரு கைகாட்டி. கோல்செஸ்டர், லண்டன், வெருலேமியம் மூன்றிலும் 60, 61இல் எரிந்த செந்நிற அடுக்கு தொடர்ச்சியாகக் கிடைக்கிறது. ஆனால் எரிந்த மண்ணைக் கண்டவுடன் பூடிக்கா என்று எழுதிவிடும் வழக்கம் ஆபத்தானது. லண்டன் சுமார் 125இலும் எரிந்தது. மரநகரத்தில் அடுப்புத் தீயே போதும். அடுக்குக்குள் இருக்கும் சேமியன் வகையைப் பார்த்து முதலில் தேதி சொல்ல வேண்டும். கலகத்தை வைத்து அடுக்குக்குத் தேதி சொல்லி, அந்த அடுக்கை வைத்துப் பாண்டத்துக்குத் தேதி சொன்னால் சுற்றிச் சுற்றி அதே இடத்துக்குத்தான் வருவோம். எரிந்த இடம் தரும் உண்மையான பரிசு வேறு. ராக்ஸெட்டரில் இரண்டாம் நூற்றாண்டின் பிற்பாதியில் ஃபோரம் தீப்பிடித்தபோது, தாழ்வாரத்துக் கடைகளின் சரக்கு அப்படியே பக்கத்து வடிகாலில் கவிழ்ந்தது. அடுக்கிய சேமியன் கிண்ணங்கள், அரைக்கும் கலங்கள், சாணைக்கல் கட்டுகள். ஒரு சந்தை நாளின் சரக்கு, அடுக்கின வரிசை கலையாமல்.

இப்போது ஒரு நகரத்தைப் புதிதாக ஆராய்வதென்றால் மண்வெட்டி கடைசியில்தான். முதலில் காந்தப்புல அளவீடு. அரை மீட்டர் இடைவெளியில் கோடு கோடாக நடந்தால், சூளையும் அடுப்பும் எரிந்த வீடும் பளிச்சென்று தெரியும், சுண்ணாம்புக்கல் சுவர் மங்கிய கோடாகத் தெரியும். பிறகு மின்தடை அளவீடு. முனைகள் அரை மீட்டர் இடைவெளியில் இருந்தால் முக்கால் மீட்டர் ஆழம்வரை சுவரும் தெருவும் புலப்படும். ரேடார் ஆழத்தையும் சேர்த்துத் தரும், ஆனால் களிமண் நிலத்தில் அலை அமுங்கிவிடும். இந்த மூன்றிலும் ஒரே குறை: மேலே இருக்கும் கடைசிக் கட்டடம் அடியில் உள்ளதை மறைத்துவிடும். தரைமேல் கிடத்திய மரவீடு எந்தக் கருவியிலும் வருவது அரிது. கருவிப் படம் காலியாகக் காட்டும் இடத்தை வெறும் இடம் என்று எழுதினால், 1890களின் அதே தவறுதான்.

தோண்டும்போது, குழி வெட்டியது, குழி நிரம்பியது, தரை போட்டது, சுவர் இடிந்தது என்று ஒவ்வொரு செயலுக்கும் தனி எண், தனி வரைபடம், வழக்கமாக 1:20 அளவில். குறுக்குவெட்டு 1:10. எது எதற்கு மேல், எது எதை அறுத்தது என்பதை எட்வர்ட் ஹாரிஸ் 1973இல் உருவாக்கிய வரிசைப் படத்தில் கோக்கிறார்கள். தேதி எழுதுவது அதற்கும் பிறகு. மண் மாதிரி ஓர் அடுக்குக்கு 40 முதல் 60 லிட்டர், அடுக்கு சிறிதென்றால் முழுவதும். நீரில் அலசி, மிதக்கும் கருகிய விதைகளைக் கால் மில்லிமீட்டர் கண்ணுள்ள சல்லடையில் பிடிப்பார்கள். கிணற்றுச் சேற்றில் பூச்சிகளும் மிஞ்சும். தானிய வண்டுகள் பிரிட்டனில் ரோமானியருக்கு முன் இல்லை, படையெடுப்புக்குப்பின் உடனே தென்படுகின்றன. ஓர் ஊரின் அடுக்கில் அவை திடீரென்று பெருகினால், மூட்டை மூட்டையாகத் தானியம் வெளியிலிருந்து வந்து கிடங்கில் தேங்கியது என்று பொருள். அந்த ஊர் தன் வயலை மட்டும் நம்பி வாழவில்லை.

மதில் பற்றிச் சுருக்கமாகச் சொல்லலாம். சில்செஸ்டரில் இரண்டாம் நூற்றாண்டின் இறுதியை ஒட்டி மண்மதில், அதன் முகத்தை வெட்டிக் கல்மதில் சேர்த்தது மூன்றாம் நூற்றாண்டின் மூன்றாம் கால்பகுதியில். அடியில் சுமார் 3 மீட்டர் கனம், சக்கிமுக்கிக் கல்லும் இடையிடையே தட்டைக் கல் வரிசையும். இவ்வளவு செலவு செய்த ஊரை அந்தக் காலத்தில் நலிந்த ஊர் என்று சொல்ல முடியாது. மதிலுக்குத் தேதி சொல்லும்போது மண்மேட்டுக்குள் கிடக்கும் ஓடுகளை நம்பி ஏமாறுவது வழக்கம். அந்த மண் ஊரின் பழைய குப்பையை வாரிக் கொட்டியது, அதனால் ஓடுகள் மதிலைவிட நூறு ஆண்டு பழையவையாகக்கூட இருக்கும்.

கடைசியாக முடிவுக்காலம். இங்கேதான் இன்றும் சண்டை அதிகம், ஏனென்றால் தேதி சொல்லும் பொருள்கள் எல்லாம் ஒரே நேரத்தில் நின்றுபோகின்றன. சுமார் 402க்குப் பிறகு புதுக்காசு பிரிட்டனுக்கு வருவது ஏறக்குறைய நின்றது, பெரிய சூளைகளும் அதையொட்டி அணைந்தன. கடைசிக் காசு கிடைத்த அடுக்கோடு நகரம் முடிந்தது என்று பழைய அறிக்கைகள் எழுதின. காசு இல்லாமலும் மக்கள் வாழலாம். பல நகரங்களில் மேலே 30 சென்டிமீட்டர் முதல் ஒரு மீட்டர்வரை ஒரே கறுப்பு மண் கிடக்கிறது, முன்பெல்லாம் அதை இயந்திரத்தால் வழித்து எறிந்தார்கள். கறுப்பு மண்ணைக் கலைக்காமல் சிறு உலோகப் பெட்டியில் வெட்டியெடுத்து, பிசினில் இறுக்கி, 30 மைக்ரான் மெல்லிய சீவலாக்கி நுண்ணோக்கியில் பார்த்தபோது அது ஒரே பொருள் இல்லை என்று தெரிந்தது. சில இடத்தில் சாணமும் தொழுவமும், சில இடத்தில் தோட்டம், சில இடத்தில் மண்ணும் வரிச்சும் கூரைப்புல்லுமான வீடுகள் மக்கி, மண்புழு கிளறிக் கலந்தவை. அதனால் கறுப்பு மண் என்றாலே ஆளில்லாத ஊர் என்று சொல்ல முடியாது.

ராக்ஸெட்டரில் ஃபிலிப் பார்க்கர் 1966 முதல் 1990 வரை குளியல் மாளிகையின் பசிலிக்காவை அங்குலம் அங்குலமாகத் துடைத்துத் தோண்டி, இடிபாட்டுக் கல்லைப் பரப்பிச் சமன்செய்த மேடைகளைக் கண்டார். அவற்றின்மேல் மரக் கட்டடங்கள் நின்றன, ஊர் ஆறாம் நூற்றாண்டிலும் அதற்குப் பின்னும் உயிரோடு இருந்தது என்றார். அந்தக் கல்பரப்புகளில் சில வெறும் இடிபாடுதான், கட்டடம் என்று படிப்பது மிகை, ஆறாம் நூற்றாண்டுப் பொருள்களே போதுமான அளவு இல்லை என்று பின்வந்த சிலர் மறுத்தார்கள். ஊரை ஒட்டி 1967இல் கிடைத்த கல்வெட்டில் குனோரிக்ஸ் என்ற அயர்லாந்துப் பெயர் இருக்கிறது, மொழிநிலையை வைத்து ஐந்தாம் நூற்றாண்டின் பிற்பாதி என்கிறார்கள். சில்செஸ்டரில் 1893இல் 9ஆம் இன்சுலாவின் கிணற்றிலிருந்து எடுத்த, அயர்லாந்தின் பழைய கோட்டெழுத்தான ஓகம் பொறித்த கல்லும் அயர்லாந்துத் தொடர்பையே காட்டுகிறது. ஆளிருந்தது உறுதி. அது நகரமா, இடிபாட்டுக்கு நடுவே சில குடும்பங்களா என்பதைக் கல்லால் தீர்க்க முடியாது. அதற்கு அந்தக் கடைசித் தரைகளிலிருந்து குறுகிய ஆயுளுள்ள பொருள்கள், அதாவது தானியம், குச்சி, கால்நடை எலும்பு போன்றவை, வரிசையாகக் கதிரியக்கக் கரிமக் கணக்குக்குப் போக வேண்டும். அவற்றை அடுக்கு வரிசையோடு சேர்த்துக் கணக்கிட்டால்தான் பிழை எல்லை சில பத்தாண்டுகளுக்குச் சுருங்கும். ஒற்றை மாதிரியின் தேதியை வைத்து இந்த விவாதத்தில் யார் பேசினாலும் நம்பிவிடாதீர்கள்.